நெல்லைச் சீமை தமிழ் சினிமாவுக்குத் தந்த முக்கியமான இசையமைப்பாளர் யார்?

என் பதில் எஸ். எம். சுப்பையா நாயுடு. சொந்த ஊர் கடையநல்லூர். இன்று தென்காசி மாவட்டம், அன்று திருநெல்வேலி. நாடக மேடையில் வளர்ந்து, கோவையில் ஜூபிடர் பிக்சர்ஸ் படங்களுக்கு இசையமைத்தார். டி. எம். சௌந்தரராஜனை 1950இல் 'கிருஷ்ண விஜயம்' படத்தில் பாட வைத்தவர் இவர்தான். 'மலைக்கள்ளன்', 'நாடோடி மன்னன்' எல்லாம் அப்புறம்.

ஆனால் என்னைக் கேட்டால், 1962இல் வந்த 'கொஞ்சும் சலங்கை'யின் 'சிங்கார வேலனே தேவா' ஒன்றே போதும். ஆபேரி ராகம். எஸ். ஜானகி பாட, நாதஸ்வரம் வாசித்தவர் காருகுறிச்சி அருணாசலம். அவரும் நம்ம பக்கம்தான், சேரன்மகாதேவிக்கு அருகில். நாதஸ்வரம் நாலு தெரு தாண்டிக் கேட்கிற திறந்தவெளிக் கருவி. பக்கத்தில் பாடும் எந்தக் குரலையும் அது விழுங்கிவிடும். இங்கே குரல் அமுங்கவே இல்லை. கருவி கேட்பதற்கெல்லாம் ஸ்வரத்தில் பதில் சொல்கிறது. அந்தச் சமநிலையை யோசித்து அமைத்த மூளைக்கு இன்னும் உரிய பேர் கிடைக்கவில்லை என்பது என் வருத்தம்.

எம். எஸ். விஸ்வநாதன் சுப்பையா நாயுடுவிடம் உதவியாளராக இருந்தவர். பிறகு விஸ்வநாதன் யாரிடம் வேலை பார்த்தாரோ, அந்த இசையமைப்பாளர் சி. ஆர். சுப்பராமனும் திருநெல்வேலிச் சீமைதான், சிந்தாமணி என்ற ஊர். சுப்பராமன் 1952இல் முப்பது வயதுக்குள் இறந்துபோனார். பாதியில் நின்ற 'தேவதாஸ்' இசையை விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் முடித்துக் கொடுத்தார்கள்.