கட் கண்ணில் படாத எடிட்டர்

அன்புள்ள சார்,

போன வாரம் 'டேஸ்ட் ஆஃப் ஃபியர்' பார்த்தேன். இயக்குநர் சேத் ஹோல்ட் பல வருடம் எடிட்டராக இருந்தவர் என்று அப்புறம்தான் தெரிந்தது. ஆனால் படத்தில் ஒரு ஷாட்டிலிருந்து அடுத்ததற்குத் தாவும் கட் எதுவும் கண்ணில் படவே இல்லை, மெதுவாகத்தான் போகிறது. 1958-இல் இயக்குநரானவர் 1960-இல் மறுபடியும் எடிட்டிங்குக்குப் போயிருக்கிறார். அது சறுக்கல்தானே?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

கட் கண்ணில் படவில்லை என்பதைவிட ஒரு எடிட்டருக்கு வேறென்ன பாராட்டு வேண்டும்? அந்தப் படத்தின் நீச்சல் குளக் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். டிரைவர் இரவில் குதிக்கிறார். கலங்கிய தண்ணீரில் அவரோடு நாமும் துழாவுகிறோம். அடியில் உட்கார்ந்தபடி ஒரு பிணம், தலைமுடி மட்டும் அசைகிறது. அவசரப்பட்டிருந்தால் அந்த முடி அசைவது நமக்குத் தெரிந்தே இருக்காது.

வேகமும் ஹோல்டுக்குக் கைவந்ததுதான். 'தி லேவண்டர் ஹில் மாப்' (1951) அவர் எடிட் செய்தது. திருட்டுத் தங்கத்தில் வார்த்த ஈஃபில் கோபுர பொம்மைகளைப் பள்ளிச் சிறுமிகள் வாங்கிக்கொண்டு லிஃப்டில் இறங்கிவிட, அலெக் கின்னஸும் ஸ்டான்லி ஹாலோவேயும் கோபுரத்தின் சுழல் படிக்கட்டில் ஓடுவார்களே! பார்க்கிற நமக்கே தலை சுற்றும். அதை இயக்கிய சார்லஸ் கிரைட்டனும் முன்னாள் எடிட்டர். அவர் பக்கத்தில் உட்கார்ந்து வெட்டுவது, சமையல்காரருக்கே சமைத்துப் போடுகிற மாதிரி!

அந்தப் படத்தை எடுத்த லண்டன் ஈலிங் ஸ்டூடியோவில் அப்போது எடிட்டிங் அறையிலிருந்து இயக்குநராவது சகஜம். ராபர்ட் ஹேமரும் அப்படி வந்தவர்தான். ஹோல்ட் இடையில் 'தி லேடிகில்லர்ஸ்' (1955) படத்துக்கு இணைத் தயாரிப்பாளராக இருந்தார், பிறகு 'நோவேர் டு கோ'வை இயக்கினார்.

சரி, 1960-க்கு வருகிறேன். அவர் எடிட் செய்த 'சாட்டர்டே நைட் அண்ட் சண்டே மார்னிங்' யாருடைய படம்? கரேல் ரைஸ். எடிட்டிங்குக்குப் பாடப்புத்தகமே எழுதியவர். அப்பேர்ப்பட்டவர் தன் முதல் கதைப்படத்தை ஹோல்ட் கையில் கொடுத்திருக்கிறார். அதைச் சறுக்கல் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அடுத்த ஆண்டே நீங்கள் பார்த்த படம் வந்துவிட்டது.

என் வருத்தம் 1971 பற்றியது. 'பிளட் ஃப்ரம் தி மம்மீஸ் டூம்' ஆறு வாரப் படப்பிடிப்பு. ஐந்து வாரத்தில் ஹோல்ட் மாரடைப்பால் இறந்துபோனார், வயது 47. மிச்சத்தைத் தயாரிப்பாளர் மைக்கேல் கரேராஸ் எடுத்து முடித்தார். அந்தப் படத்தை எப்போது போட்டாலும் கதையை விட்டுவிட்டு, எது ஹோல்ட் எடுத்த ஷாட் என்று தேடிக்கொண்டிருப்பேன்.

நீங்கள் அடுத்து ஹோல்ட் இயக்கிய 'தி நானி' (1965) பாருங்கள். பெட்டி டேவிஸ் குளியலறைக்குள் போகும் இடம் வந்ததும் எனக்கு எழுதுங்கள்.