பிளஸ் ஒன் ஆங்கிலத்தில் நல்ல மார்க் எடுப்பது எப்படி?

பத்தாவது வரை அம்பாசமுத்திரம் பக்கம் தமிழ் வழியில் படித்துவிட்டு, இப்போது பிளஸ் ஒன் ஆங்கிலத்தைப் பார்த்தால் பயமாக இருக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள் தம்பி. நானும் அப்படி வந்தவன்தான்.

எழுத்துத் தேர்வு 90, அக மதிப்பீடு 10. அந்த 90இல் 20 மார்க் ஒரு மதிப்பெண் கேள்விகள், அதைப் பாடத்தின் பின்பக்கப் பயிற்சிகளை விடாமல் செய்தாலே பெரும்பாலும் எடுத்துவிடலாம். ஐந்து மார்க் கேள்விக்கு நோட்ஸை அப்படியே மனப்பாடம் செய்யாதீர்கள். நடுவில் ஒரு வரி மறந்தால், அல்வா கிண்டும்போது கையை நிறுத்தின கதைதான், அடிபிடித்துவிடும். கதையைத் தமிழில் யாருக்காவது சொல்லிப் பாருங்கள், அப்புறம் அதையே சின்னச் சின்ன ஆங்கில வாக்கியமாக எழுதுங்கள்.

இலக்கணத்தில் நம்மாட்கள் அதிகம் சறுக்குவது இங்கேதான். தமிழில் போகிறேன், போகிறான், போகிறார்கள் என்று ஆளுக்கு ஆள் வினை மாறும். ஆங்கில நிகழ்காலத்தில் ‘ஹி, ஷி, இட்’ அல்லது ஒருமைப் பெயர் வந்தால் மட்டும் வினையின் கடைசியில் ‘s’ அல்லது ‘es’ ஒட்டும், ‘ஐ கோ’, ‘ஹி கோஸ்’, அவ்வளவுதான். ‘எ’யா (a) ‘ஆன்’ஆ (an) என்பதும் எழுத்தைப் பார்த்து அல்ல, ஒலியைக் கேட்டு: ‘ஆன் அவர்’ (an hour), ஆனால் ‘எ யுனிவர்சிட்டி’.

வார்த்தை சேர்க்க, செங்கோட்டை ரயிலில் நெல்லைக்குப் போகும் நேரமே போதும். தினம் ஐந்து, அதிகம் வேண்டாம். ஸ்போக்கன் இங்கிலீஷ் வகுப்புக்கு இப்போதைக்குக் காசு கட்ட வேண்டாம்.