மகப்பேறு விடுப்பில் இருக்கும்போது மாறுதல் ஆணை வந்தால்?

கேள்வி: தமிழ்நாட்டில் அரசு உயர்நிலைப் பள்ளி ஒன்றில் பட்டதாரி ஆசிரியையாக இருக்கிறேன். இப்போது மகப்பேறு விடுப்பு. முடிய இன்னும் நான்கு மாதம் இருக்கிறது. போன வாரம் தலைமையாசிரியர் வாட்ஸ்அப்பில் ஓர் ஆணையின் படத்தை அனுப்பினார். பணி நிரவலில் (உபரி ஆசிரியர்களைத் தேவையுள்ள பள்ளிகளுக்கு மாற்றுவது) என்னை 40 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் பள்ளிக்கு மாற்றியிருக்கிறார்கள். “ஒரு வாரத்துக்குள் சேரவில்லை என்றால் சம்பளம் நின்றுவிடும்” என்கிறார். விடுப்பில் இருப்பவரை இப்படி மாற்றலாமா?

பதில்: மாற்றலாம். கேட்கக் கசப்பாக இருக்கும், ஆனாலும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். விடுப்பில் இருக்கிறார் என்ற ஒரே காரணத்துக்காக மாறுதல் ஆணை செல்லாமல் போகாது. விடுப்புக் காலத்திலும் உங்களுக்குப் பணியுரிமை உண்டுதான். ஆனால் அது காப்பது வேலையை. அதே பள்ளியில் அதே நாற்காலியை அல்ல.

ஆனால் “ஒரு வாரத்துக்குள் சேருங்கள்” என்பது வேறு கதை. 2021 ஜூலை 1 முதல் தமிழ்நாடு அரசு முழுச் சம்பளத்துடன் 12 மாத மகப்பேறு விடுப்பு தருகிறது. உங்களுக்கு அனுமதித்த அந்த விடுப்பு, மாறுதல் ஆணை வந்ததும் தானாக முடிந்துவிடாது. விடுப்பை ரத்து செய்வதாக அந்த ஆணையில் ஒரு வரி இருக்கிறதா என்று படித்துப் பாருங்கள். அநேகமாக இருக்காது. அப்படியானால் விடுப்பு முடிந்த மறுநாள் புதிய பள்ளியில் சேர்ந்தால் போதும்.

இங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். சம்பளம் போய்விடுமே என்ற பயத்தில் கைக்குழந்தையோடு போய்ப் புதிய பள்ளியில் ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டு, “மீதி விடுப்பை அப்புறம் எடுத்துக்கொள்ளலாம்” என்று நினைப்பார்கள். பணியேற்றுவிட்டால் விடுப்பு அதோடு முடிந்ததாகத்தான் கணக்கு. அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள்.

சம்பள பயம் முழுக்கப் பொய் என்றும் சொல்ல மாட்டேன். பழைய பள்ளி “விடுவித்துவிட்டோம்” என்று எல்.பி.சி.யை (கடைசியாகப் பெற்ற சம்பளத்துக்கான சான்று) அனுப்பிவிடும், புதிய பள்ளி “இன்னும் சேரவில்லையே” என்று கைவிரிக்கும், நடுவில் உங்கள் பெயர் எந்தச் சம்பளப் பட்டியலிலும் இருக்காது. அதனால் இன்றைக்கே முதன்மைக் கல்வி அலுவலருக்கு ஒரு விண்ணப்பம் எழுதுங்கள். விடுப்பு அனுமதி ஆணையின் நகலை இணைத்து, இந்தத் தேதியில் விடுப்பு முடிகிறது, அதன்பின் சேர்கிறேன், அதுவரை என்னைப் பழைய பள்ளியிலிருந்து விடுவிக்காமல் அங்கேயே சம்பளம் வழங்க உத்தரவிடுங்கள் என்று கேளுங்கள். இரண்டு தலைமையாசிரியர்களுக்கும் நகல் போகட்டும். சேர்ந்ததற்கான சான்று கிடைக்கும்படி ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அப்படியே கையெழுத்திட்ட ஆணையின் பிரதியையும் கேட்டு வாங்குங்கள். வாட்ஸ்அப் படத்தை மட்டும் வைத்துக்கொண்டு வழக்காட முடியாது.

சரி, மாறுதலையே எதிர்க்க முடியுமா? உங்களை ஏன் தேர்ந்தெடுத்தார்கள் என்பதைப் பொறுத்தது அது. பணி நிரவலில் உபரியாகக் காட்ட வேண்டியது அந்தப் பாடத்தில் பணியில் இளையவரை. உங்களுக்கு இளையவர் அதே பாடத்தில் அங்கேயே இருக்க, விடுப்பில் இருப்பவர்தானே என்று உங்கள் பெயரைப் போட்டிருந்தால் அது வலுவான காரணம். மகப்பேறு விடுப்பில் போனதால் யாரும் இளையவர் ஆகிவிடுவதில்லை. பணியாளர் நிர்ணய விவரத்தையும் (எந்தப் பாடத்துக்கு எத்தனை ஆசிரியர் என்ற கணக்கு) பாடவாரியான பணிமூப்புப் பட்டியலையும் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

பட்டியலில் இளையவர் நீங்கள்தான் என்றால், நீதிமன்றப் படியேறச் சொல்ல எனக்கு மனமில்லை. சட்டப்பூர்வமான விதியை மீறியிருந்தாலோ, உள்நோக்கம் இருந்தாலோ ஒழிய இடமாறுதலில் நீதிமன்றம் தலையிடக்கூடாது என்று 1991-இல் ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் பீகார் ஆசிரியைகளின் இடமாறுதல் வழக்குதான். கைக்குழந்தை இருக்கிறது, தூரம் அதிகம் என்பதெல்லாம் அதிகாரியிடம் வைக்க நல்ல காரணங்கள். பக்கத்துப் பள்ளியில் காலியிடம் இருந்தால் அதன் பெயரைக் குறிப்பிட்டே கேளுங்கள்.

ஒன்றை மட்டும் மறக்காதீர்கள். மனு கொடுத்துவிட்டோம் என்று விடுப்பு முடிந்த பிறகும் வீட்டில் இருந்துவிடக் கூடாது. மனு நிலுவையில் இருப்பது தடையாணை ஆகாது என்று 1989-லேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடுவதென்றால் விடுப்பு முடிவதற்குள் போடுங்கள். தடை கிடைக்காவிட்டால், வழக்கு நடக்கட்டும் என்று விட்டுவிட்டு உரிய நாளில் புதிய பள்ளியில் சேர்ந்துவிடுங்கள். சேரும் கடிதத்தில் “வழக்கின் முடிவுக்கு உட்பட்டுப் பணியேற்கிறேன்” என்று ஒரு வரி எழுதிவிடுங்கள்.