கேம் எங்கே, சேவ் எங்கே?

கணினியில் போட்ட கேம்களைத் தேடுவது, இடம் மாற்றுவது, காப்பாற்றுவது பற்றி வந்த கடிதங்களுக்கு இந்த இதழில் பதில்.

கேள்வி: வீட்டு லேப்டாப்பில் சி டிரைவ் 238 ஜிபி. 6 ஜிபிதான் மிச்சம், சிவப்புக் கோடு காட்டுகிறது. பையன் நிறைய கேம் போட்டிருக்கிறான். டாகுமென்ட்ஸ், டவுன்லோட்ஸ் எல்லாம் பார்த்தேன், பெரிதாக ஒன்றும் இல்லை. கேம்கள் எங்கே இருக்கும்? ஃபோல்டரோடு டெலிட் செய்துவிடலாமா?
– வாசகி, பெரம்பூர்

பதில்: ஃபோல்டரை மட்டும் டெலிட் செய்யாதீர்கள். கேம் எந்த லாஞ்சர் (ஸ்டீம், எபிக் போல கேம்களை இறக்கித் திறக்கும் ஆப்) வழியாக வந்ததோ, அந்த லாஞ்சரில்தான் அதற்கு இருப்பிடமும் கணக்கும் உண்டு.

ஸ்டீம் என்றால் வழக்கமான இடம் சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86, அதற்குள் ஸ்டீம், அதற்குள் ஸ்டீம்ஆப்ஸ், அதற்குள் காமன். ஒவ்வொரு கேமுக்கும் அங்கே தனி ஃபோல்டர். இத்தனை தூரம் தோண்ட வேண்டாம் என்றால் ஸ்டீமில் கேமின் பெயர் மேல் ரைட் கிளிக் செய்து, மேனேஜ், பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ் கொடுங்கள். நேராக அந்த ஃபோல்டரே திறக்கும். எபிக் கேம்ஸ் தன் கேம்களை புரோகிராம் ஃபைல்ஸுக்குள் எபிக் கேம்ஸ் என்ற ஃபோல்டரில் வைக்கும். வேலரன்ட் மாதிரி ரயட் கேம்கள் சி டிரைவிலேயே ரயட் கேம்ஸ் என்று தனியாக இருக்கும். எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியாக வந்தவை எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ் ஃபோல்டரில்.

எது எவ்வளவு இடம் தின்கிறது என்று பார்க்க, விண்டோஸ் செட்டிங்ஸில் சிஸ்டம், ஸ்டோரேஜ், இன்ஸ்டால்ட் ஆப்ஸ் போய் அளவு வாரியாக வரிசைப்படுத்துங்கள். ஆனால் இந்தப் பட்டியலை முழுசாக நம்ப முடியாது. ஸ்டீம் கேம்களுக்கு அளவே காட்டாமல் விடுவது உண்டு. ஸ்டீமின் செட்டிங்ஸில் இருக்கும் ஸ்டோரேஜ் பக்கம் கேம் வாரியாகச் சரியான கணக்குத் தரும். மொத்த டிரைவையும் அலச வேண்டுமானால் விஸ்ட்ரீ அல்லது விண்டிர்ஸ்டாட் போட்டுப் பாருங்கள். இரண்டுமே எந்த ஃபோல்டர் பெருத்திருக்கிறது என்பதைப் படமாகக் காட்டிவிடும். ஸ்டீம்ஆப்ஸுக்குள் இருக்கும் டவுன்லோடிங், வொர்க்‌ஷாப் ஃபோல்டர்களையும் கவனியுங்கள். பாதியில் நின்ற டவுன்லோடும், மோட்களும் (கேமை மாற்றிக்கொள்ளப் போடும் கூடுதல் ஃபைல்கள்) அங்கே பல ஜிபி பிடித்துக்கொண்டு கிடக்கும்.

கையால் டெலிட் செய்தால் என்ன ஆகும்? ஸ்டீம்ஆப்ஸுக்குள் ஒவ்வொரு கேமுக்கும் ஆப்மேனிஃபெஸ்ட் என்று தொடங்கும் சின்ன ஃபைல் ஒன்று இருக்கிறது. அது இருக்கும்வரை கேம் இன்ஸ்டால் ஆகியிருக்கிறது என்றே ஸ்டீம் நினைக்கும். பிளே கொடுத்தால் பிழைச் செய்தி வரும். சில நேரம் அடுத்த அப்டேட்டில் மொத்தத்தையும் திரும்ப இறக்கவும் தொடங்கிவிடும். ஆகவே லாஞ்சரைத் திறந்து அங்கிருந்தே அன்இன்ஸ்டால் கொடுங்கள். அதற்கு முன் பையனை உட்கார வைத்து அடுத்த பதிலைப் படிக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: லேப்டாப்பை ஃபார்மட் செய்ய ரிச்சி ஸ்ட்ரீட்டில் கொடுக்கப் போகிறேன். சி, டி என இரண்டு டிரைவ். கேம்கள் டி டிரைவில். 2 வருஷ சேவ் போய்விடக் கூடாது. எதையெல்லாம் காப்பி எடுக்க வேண்டும்?
– கல்லூரி மாணவர், தாம்பரம்

பதில்: டி டிரைவில் இருப்பது கேம். அது போனால் திரும்ப இறக்கிக்கொள்ளலாம். சேவ், அதாவது விளையாட்டில் நீங்கள் எட்டிய நிலை பதிந்திருக்கும் ஃபைல், பெரும்பாலும் சி டிரைவில் உங்கள் யூசர் பெயருக்குள் இருக்கிறது, ஃபார்மட்டில் அழிவது அதுதான். சேவ் ஃபைல் பெரும்பாலும் சில எம்பிதான். 80 ஜிபி கேமைக் காப்பி எடுத்துவிட்டு 5 எம்பி சேவ் ஃபைலை விட்டுவிடுவதுதான் இதில் நடக்கும் பெரிய இழப்பு.

ஒரே இடம் என்று கிடையாது. கேம் செய்தவர்கள் ஆளுக்கொரு இடத்தில் வைத்திருக்கிறார்கள். டாகுமென்ட்ஸுக்குள் மை கேம்ஸ் ஃபோல்டரைப் பாருங்கள். ஜிடிஏ 5 சேவ் டாகுமென்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸுக்குள், விட்சர் 3 சேவும் டாகுமென்ட்ஸில்தான். யூசர் ஃபோல்டரில் சேவ்ட் கேம்ஸ் என்று ஒன்று உண்டு. சைபர்பங்க் 2077 அங்கே. மற்றவற்றில் பல ஆப்டேட்டா என்ற மறைந்த ஃபோல்டரில் இருக்கும். அதற்குள் ரோமிங், லோக்கல், லோக்கல்லோ என மூன்று. விண்டோஸ் கீயும் ஆர் எழுத்தும் சேர்த்து அழுத்தி, வரும் பெட்டியில் ஆப்டேட்டா என்பதை இரண்டு பக்கமும் சதவீதக் குறி போட்டு ஆங்கிலத்தில் அடித்தால் ரோமிங் திறக்கும். மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு, எல்டன் ரிங், ஸ்டார்டூ வேலி மூன்றும் அங்கேதான். ஒரு படி மேலே போனால் மற்ற இரண்டும் தெரியும். யூனிட்டி என்ற கேம் உருவாக்கும் மென்பொருளில் செய்த கேம்கள், உதாரணமாக ஹாலோ நைட், பெரும்பாலும் லோக்கல்லோவில் எழுதும். யூபிசாஃப்ட் கேம்கள் தங்கள் லாஞ்சரின் ஃபோல்டருக்குள்ளேயே சேவ்கேம்ஸ் என்று வைக்கும். ஸ்டீமில் சில கேம்களுக்கு யூசர்டேட்டா ஃபோல்டர். குறிப்பிட்ட கேமுக்குத் தெரிய வேண்டுமானால் பிசி கேமிங் விக்கி தளத்தில் கேமின் பெயரைத் தேடுங்கள், சேவ் இருக்கும் பாதை அங்கே போட்டிருக்கும். சந்தேகம் இருந்தால் டாகுமென்ட்ஸ், சேவ்ட் கேம்ஸ், ஆப்டேட்டா மூன்றையும், மேலே சொன்ன சேவ்கேம்ஸ், யூசர்டேட்டா இருந்தால் அவற்றையும் முழுசாகவே பென் டிரைவில் எடுத்துவிடுங்கள்.

ஒன்டிரைவ் போட்டிருந்தால் உங்கள் டாகுமென்ட்ஸ் ஒன்டிரைவ் ஃபோல்டருக்குள் மாறியிருக்கலாம். அதன் இலவச அளவு 5 ஜிபிதான். நிரம்பியபின் புது சேவ் மேலே ஏறாது, ஏறியிருக்கும் என்று நம்பி ஃபார்மட் செய்துவிடாதீர்கள்.

சேவ் ஃபைலை இணையத்தில் காப்பி வைக்கும் ஸ்டீம் கிளவுட் எல்லா கேமுக்கும் கிடையாது. கேமின் பிராப்பர்ட்டீஸில் ஜெனரல் பக்கத்தில் கிளவுட் பற்றிய வரி இருந்தால்தான் உண்டு. ஃபார்மட்டுக்குப் பின் கிளவுட் சேவா, இந்தக் கணினி சேவா என்று ஸ்டீம் கேட்டால் அவசரப்பட்டு அழுத்தாதீர்கள். தேதியும் நேரமும் பார்த்துத் தேர்ந்தெடுங்கள், தேர்ந்தெடுக்காதது மேலெழுதப்பட்டுவிடும். வேலரன்ட் போன்ற ஆன்லைன் கேம்களுக்கு இந்தக் கவலை இல்லை, எல்லாம் அவர்கள் சர்வரில்.

கடையில் கொடுக்கும்போது ‘சி மட்டும் ஃபார்மட், டி-யைத் தொட வேண்டாம்’ என்று ரசீதிலேயே எழுதி வாங்குங்கள். இரண்டும் ஒரே டிஸ்க்கின் பகுதிகளாக இருந்தால் மொத்தமாக அழித்துவிட வாய்ப்பு அதிகம். திரும்பி வந்ததும் ஸ்டீம் இன்ஸ்டால் செய்து, செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் போய் டி டிரைவைச் சேருங்கள். பழைய லைப்ரரி அப்படியே தெரியும், டவுன்லோட் தேவைப்படாது. எபிக்கில் அப்படித் தானாக வராது. அதற்கு வழி அடுத்த பதிலில்.

கேள்வி: எபிக்கில் வாங்கிய கேமை சி-யிலிருந்து டி-க்கு கட் பேஸ்ட் செய்தேன். இப்போது முழுசாக டவுன்லோட் கேட்கிறது. 90 ஜிபி!
– வாசகர், வேளச்சேரி

பதில்: ஃபைல்கள் பத்திரமாக இருந்தால் 90 ஜிபியையும் இறக்க வேண்டியதில்லை. டி-யில் இருக்கும் ஃபோல்டருக்கு வேறு பெயர் வையுங்கள். எபிக்கில் கேமை அன்இன்ஸ்டால் செய்து, திரும்ப இன்ஸ்டால் கொடுத்து, இடமாக டி-யைக் காட்டுங்கள். டவுன்லோட் 2, 3 சதவீதம் வந்ததும் நிறுத்தி, லாஞ்சரை கடிகாரம் அருகே இருக்கும் சின்ன ஐகானிலிருந்தே முழுசாக மூடுங்கள். பழைய ஃபோல்டரில் உள்ளவற்றைப் புது ஃபோல்டருக்குள் போட்டு, ரீப்ளேஸ் கேட்டால் சரி சொல்லுங்கள். லாஞ்சரைத் திறந்து இன்ஸ்டாலைத் தொடர்ந்தால் இருப்பதைச் சரிபார்த்துவிட்டு, குறைவதை மட்டும் இறக்கும். முதல் டவுன்லோட் தொடங்காமலே காப்பி செய்தால் எபிக் அதைக் கண்டுகொள்ளாது, வரிசை மாறக் கூடாது.

ஸ்டீமில் இந்தச் சுற்று வேண்டாம். பிராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ், மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர் போதும். எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் மேனேஜ், ஃபைல்ஸ், சேஞ்ச் டிரைவ். எதுவாக இருந்தாலும் மழைக்காலத்தில் கரண்ட் போகும் நேரத்தில் யுபிஎஸ் இல்லாத டெஸ்க்டாப்பில் மாற்றாதீர்கள். நடுவில் நின்றுபோனால், கேம் ஃபைல்களைச் சரிபார்க்கும் வெரிஃபை இன்டெக்ரிட்டி கொடுங்கள். கெட்டதை மட்டும் அது திரும்ப இறக்கும். மோட் போட்டு மாற்றிய ஃபைல்களையும் பழையபடி ஆக்கிவிடும் என்பதால் மோட்களைத் தனியாக எடுத்து வைத்துக்கொண்டு செய்யுங்கள்.

கேள்வி: போர்ட்டபிள் ஹார்ட் டிஸ்க்கில் கேமை வைத்தே விளையாடலாமா?
– வாசகர், அம்பத்தூர்

பதில்: பழைய, சின்ன கேம்களுக்குப் பரவாயில்லை. சுழலும் ஹார்ட் டிஸ்க் யுஎஸ்பி 3-இல் வினாடிக்கு 100 எம்பி சுமாராகத்தான் தரும், அதுவும் பெரிய ஃபைல்களைத் தொடர்ந்து படிக்கும்போது. சாட்டா எஸ்எஸ்டி (சுழலும் பாகம் இல்லாத வேகமான டிஸ்க்) 500 எம்பியைத் தாண்டும். எஸ்எஸ்டி கட்டாயம் என்று போட்டிருக்கும் கேமை ஹார்ட் டிஸ்க்கில் ஓட்டினால் நடுநடுவே உறைந்து நிற்கும்.

சேமித்து வைக்க மட்டும் என்றால் நல்ல யோசனை. 100 எம்பிபிஎஸ் ஃபைபர் இணைப்பில் 100 ஜிபி இறங்க முழு வேகம் கிடைத்தாலும் 2 மணி நேரத்துக்கு மேல். டிஸ்க்கிலிருந்து காப்பி செய்ய 20 நிமிடம் போதும். டிஸ்க் ஃபேட்32 ஃபார்மட்டில் இருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஃபைலை ஏற்காது, இடம் நிறைய இருந்தும் ஃபைல் பெரிது என்று சொல்லி நிற்கும். என்டிஎஃப்எஸ்ஸுக்கு மாற்றிக்கொள்ளுங்கள், ஃபார்மட் செய்து மாற்றினால் உள்ளே இருப்பது அழியும். அதிலிருந்தே விளையாடுவதானால் டிஸ்க் மேனேஜ்மென்ட்டில் அந்த டிஸ்க்குக்கு நிரந்தரமாக ஓர் எழுத்து, எக்ஸ் அல்லது வொய், கொடுத்துவிடுங்கள். வேறு பென் டிரைவ் செருகியபோது எழுத்து மாறிப்போனால் லாஞ்சர் கேமைக் காணோம் என்று சொல்லும்.

கேள்வி: விண்டோஸ்ஆப்ஸ் ஃபோல்டரைத் திறந்தால் அனுமதி இல்லை என்கிறது. பெர்மிஷன் மாற்றலாமா?
– வாசகர், மடிப்பாக்கம்

பதில்: வேண்டாம். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் வந்த ஆப்கள் பெரும்பாலும் அதற்குள் இருக்கின்றன. உரிமையை மாற்றிவிட்டால் கேம் மட்டுமல்ல, கால்குலேட்டர்கூடத் திறக்காமல் போகலாம். உள்ளே இருக்கும் கேமை செட்டிங்ஸின் ஆப்ஸ் பகுதியிலிருந்து அன்இன்ஸ்டால் செய்யுங்கள்.