டார்ச் வைத்த வீட்டுக்குள் க்ரீப்பர் வந்தது எப்படி? மைன்கிராஃப்ட் கேள்வி-பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே புகார்தான்: "மாப் ஏமாத்துது." மாப் என்றால் கேமில் தானாக நடமாடும் உயிரினம். அது ஏமாற்றவில்லை. எந்த மாப் எங்கே வரும், எப்போது துரத்தும், எப்போது விடும் என்பதற்கெல்லாம் விதி இருக்கிறது. அதைத் தெரிந்துகொள்ளாமல் டயமண்ட் ஆர்மரைப் பறிகொடுத்துவிட்டு எனக்கு எழுதுகிறீர்கள். எழுதும்போதாவது மூன்று விஷயம் சொல்லுங்கள்: கேமின் இரண்டு பதிப்புகளில் ஜாவாவா பெட்ராக்கா, எந்த வெர்ஷன், எந்த டிஃபிகல்ட்டி. போனில் ஆடினால் அது பெட்ராக். இதை எத்தனை தடவைதான் சொல்வது!

வீடு முழுக்க டார்ச் வைத்திருக்கிறேன். ஆனாலும் காலையில் உள்ளே க்ரீப்பர் (கிட்டே வந்து வெடிக்கும் மாப்) நிற்கிறது. பக் தானே?

பக் இல்லை. "முழுக்க" என்றுதான் எல்லாரும் சொல்கிறார்கள். 2021 நவம்பரில் 1.18 வெர்ஷன் வந்ததிலிருந்து ஓவர்வேர்ல்டில் (வழக்கமாக ஆடும் உலகம்) பிளாக் லைட் (டார்ச் போன்றவை தரும் வெளிச்சம்) 0 ஆக இருக்கும் இடத்தில்தான் எதிரி மாப் ஸ்பான் ஆகும், அதாவது புதிதாகத் தோன்றும். அதற்கு முன்பு 7 வரை ஆகும். பழைய வீடியோவைப் பார்த்து அடிக்கு அடி டார்ச் நட்டவர்கள் பாவம். டார்ச் வெளிச்சம் 14. ஒரு பிளாக் தள்ளினால் ஒன்று குறையும், குறுக்கே மூலைக்குப் போனால் இரண்டு குறையும். சமதளத்தில் 12 பிளாக்குக்கு ஒன்று வைத்தால் தாராளம்.

அப்படியும் வருகிறது என்றால் நீங்கள் பார்க்காத இடம் ஒன்று இருட்டாக இருக்கிறது. பெரும்பாலும் மொட்டை மாடி. அங்கே ஸ்பான் ஆகிப் படி வழியாக இறங்கி வந்திருக்கும். மாடியில் டார்ச் வைக்க மனமில்லையா? கீழ்ப்பாதி ஸ்லாப்போ கண்ணாடியோ போட்டு மூடுங்கள், அவற்றின் மேல் ஸ்பான் ஆகாது. அப்புறம், செட்டிங்ஸில் பிரைட்னஸை ஏற்றினால் உங்கள் கண்ணுக்குத்தான் வெளிச்சம். கேமுக்கு இருட்டு இருட்டுதான். ஜாவாக்காரர்கள் F3 அழுத்தி 'பிளாக்' எண்ணைப் பாருங்கள். நெருப்பு உலகமான நெதருக்கு இந்தக் கணக்கு பொருந்தாது, அதைத் தனியாகக் கேளுங்கள்.

கையில் டார்ச் பிடித்துக்கொண்டு போனால் மாப் வராதா?

வரும். கையில் இருக்கும் டார்ச் வெளிச்சமே தராது. ஷேடர் என்ற கிராபிக்ஸ் ஆட்-ஆன் போட்டு வெளிச்சம் தெரிந்தாலும் அது வெறும் படம்.

அண்ணா, க்ரீப்பர் சத்தமே போடாம பின்னாடி வந்து வெடிக்குது. என்ன பண்றது?

நடக்கும்போது சத்தம் போடாது தம்பி, உண்மைதான். ஆனால் வெடிப்பதற்கு முன் 'ஸ்ஸ்' என்று ஒன்றரை வினாடி அவகாசம் தருகிறது. சுமார் 3 பிளாக் நெருங்கினால் திரி பற்றும். நீ விலகி ஓடினாலோ, இடையில் சுவர் வந்து அதன் பார்வையிலிருந்து மறைந்தாலோ அணைந்துவிடும். ஜாவாவில் 7 பிளாக் தள்ளிப் போனால் போதும். ஆகவே முறை இதுதான்: ஓடிப் போய் ஒரு வெட்டு, அது பின்னால் தள்ளப்படும், நீயும் பின்வாங்கு, மறுபடி வெட்டு. ஓடாமல் நின்ற இடத்தில் வெட்டினால் அவ்வளவாகத் தள்ளாது.

ஷீல்டு வைத்திருக்கிறாயா? எழுதவில்லை. வைத்திருக்க மாட்டாய். ஆறு பலகை, ஒரு இரும்பு, அவ்வளவுதான் செலவு. முன்பக்கம் ஷீல்டைப் பிடித்தால் க்ரீப்பர் வெடிப்பில் ஒரு ஹார்ட் கூடக் குறையாது. சுவர் போகும், நீ போக மாட்டாய். வீட்டு வாசலில் ஒரு பூனையை உட்கார வைத்தால் சுற்றி 6 பிளாக்குக்குள் க்ரீப்பர் வராது. விடிந்துவிட்டது என்று கதவைத் திறந்து ஓடாதே. ஜாம்பியும் ஸ்கெலிட்டனும்தான் வெயிலில் எரியும், க்ரீப்பர் எரியாது.

அயர்ன் கோலெம் (காவல் நிற்கும் இரும்பு மாப்) இருந்தால் க்ரீப்பரை அடித்துவிடும் அல்லவா?

ஜாவாவில் அடிக்காது. மற்ற ஹாஸ்டைல் (தாக்க வரும்) மாப்களை அடிக்கும், க்ரீப்பரை மட்டும் கண்டுகொள்ளாது.

வீடியோவில் பார்த்தபடியே மாப் ஃபார்ம் (மாப்களை வரவைத்துக் கொன்று பொருள் எடுக்கும் கட்டடம்) கட்டினேன். ஒரு மணி நேரம் நின்றும் ஏழெட்டு எலும்புதான். ஏன்?

இதே கேள்வியை நான்கைந்து பேர் அனுப்பியிருக்கிறீர்கள். ஒருவர்கூட ஜாவாவா பெட்ராக்கா என்று எழுதவில்லை. ஒருவர் படம் அனுப்பியிருக்கிறார். பார்த்தால் திரையில் ஜாய்ஸ்டிக் தெரிகிறது, அதாவது போன். அவர் கட்டியிருப்பதோ ஜாவாவுக்கான டிசைன். இன்னொருவர் டிஃபிகல்ட்டியை, எதிரி மாப்பே வராத பீஸ்ஃபுல்லில் வைத்துவிட்டு நின்றிருக்கிறார். அவருக்குத் தனியாகப் பதில் தேவையில்லை.

முதலில் ஜாவா. உங்களிடமிருந்து 24 பிளாக்குக்குள் எதுவும் ஸ்பான் ஆகாது. 128 பிளாக்குக்கு அப்பால் போன மாப் உடனே மறையும். 32க்கு மேல் தள்ளி இருப்பவை நேரம் ஆக ஆக ஒன்றொன்றாக மறையும். ஃபார்முக்கு ஒட்டியே நின்றால் 24 கணக்கில் அடிபடுவீர்கள், ரொம்பத் தள்ளி நின்றால் வந்தவை கலைந்துவிடும். இது வரைக்கும் வீடியோவிலேயே சொல்லியிருப்பார்கள்.

சொல்லாமல் விடுவது மாப் கேப். தனியாக ஆடும்போது ஹாஸ்டைல் மாப்கள் மொத்தம் 70 அளவுக்கு வந்துவிட்டால் புதிதாக ஒன்றும் வராது. நீங்கள் சமவெளியில் அழகாக ஒரு கறுப்புப் பெட்டி கட்டி நிற்கிறீர்கள். உங்கள் காலுக்குக் கீழே கிலோமீட்டர் கணக்கில் இருட்டுக் குகை. அந்த 70 பேரும் அங்கே உலாத்திக்கொண்டிருக்கிறார்கள், உங்கள் பெட்டிக்கு மீதி இல்லை. போதாததற்கு ஜாவாவில் கேம் ஒவ்வொரு முறையும் உலகின் அடிமட்டத்துக்கும் அந்த இடத்தின் மேல்மட்டத்துக்கும் நடுவில் ஏதோ ஒரு உயரத்தைப் பொறுக்கித்தான் முயற்சி செய்யும். பெரும்பாலான முயற்சி கல்லுக்குள்ளும் வெறும் காற்றிலும் வீணாகிறது.

இரண்டு வழி. ஒன்று, சுற்றுவட்டாரக் குகை எல்லாவற்றிலும் டார்ச் வைப்பது. சொல்லிப் பார்த்தால் எளிது, செய்து பாருங்கள். இரண்டாவது, ஆழ்கடலுக்கு மேலே உயரம் 200ஐ ஒட்டிக் கட்டி, அங்கேயே நிற்பது. அப்போது கடலும் அதன் அடிக் குகைகளும் 128க்கு வெளியே போய்விடும். கேப் முழுக்க உங்கள் ஃபார்முக்குத்தான். விழவைத்து அடிப்பதென்றால் 22 பிளாக் குழாய் விடுங்கள். ஜாம்பியும் ஸ்கெலிட்டனும் அரை ஹார்ட்டோடு தரையில் கிடக்கும், கையால் ஒரு தட்டு போதும். 23 விட்டால் தானாகவே செத்துவிடும், எக்ஸ்பி (அனுபவப் புள்ளி) கிடைக்காது.

இனி பெட்ராக். மேலே சொன்னதில் பாதி அங்கே செல்லாது. சிமுலேஷன் டிஸ்டன்ஸ் (உங்களைச் சுற்றிக் கேம் இயங்கும் தூரம், செட்டிங்ஸில் இருக்கும்) 4 என்றால், பல போன்களில் அதுதான் இருக்கும், சுமார் 44 பிளாக்குக்கு அப்பால் எதுவும் தங்காது. நீங்கள் அடியில் பொருள் சேரும் பெட்டிக்குப் பக்கத்தில் நிற்க, மாப் வர வேண்டிய இருட்டு மேடை 60 பிளாக் மேலே இருந்தால் அங்கே ஒரு கொசுகூட வராது. மேடை உங்களிடமிருந்து 24க்கும் 44க்கும் நடுவில் இருக்க வேண்டும். வெட்டவெளி மாப்களையும் கூரைக்கு அடியில் இருப்பவற்றையும் பெட்ராக் தனித்தனியாக எண்ணுகிறது. அதனால் கேப் கணக்கும் வேறு, டிசைனும் வேறு. தலைப்பில் 'பெட்ராக்' என்று இல்லாத வீடியோவைப் பார்த்துக் கட்டாதீர்கள். இரண்டு ஸ்டாக் ஹாப்பருக்கு இரும்பு சேர்த்த பிறகு என்னிடம் வந்து அழாதீர்கள்.

எண்டர்மேனை நான் பார்க்கவே இல்லை, சும்மா வந்து அடிக்கிறது.

பார்த்திருக்கிறீர்கள். குறி அதன் தலைமேல் பட்டாலே போதும், 64 பிளாக் தூரத்தில் இருந்தாலும் கணக்குதான். பார்வையைத் தரையில் வைத்து நடங்கள், இல்லையென்றால் தலையில் செதுக்கிய பூசணியை மாட்டுங்கள். கோபம் வந்துவிட்டால் இரண்டு பிளாக் உயரக் கூரைக்கு அடியில் நின்று காலை வெட்டுங்கள். அது கிட்டத்தட்ட மூன்று பிளாக் உயரம், உள்ளே நுழைய முடியாது. அம்பு விடாதீர்கள், படாது.

என் பையன் எந்நேரமும் இதே கேம்தான். இரண்டு மூன்று நாள் தூங்காவிட்டால் பேய்ப் பறவை வந்து கொத்தும் என்கிறான். நிஜமா?

கேமுக்குள் நிஜம்தான் அம்மா. அதன் பெயர் ஃபேண்டம். 2017இல் ஆட்டக்காரர்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்கள், மறு வருடம் 1.13இல் வந்தது. ஓட்டுப் போட்டவர்களை இன்றுவரை எல்லாரும் திட்டுகிறார்கள். கேமில் ஒரு நாள் என்பது நம் 20 நிமிடம். மூன்று நாள் பெட்டில் படுக்காமல் ஆடினால், அதாவது ஏறக்குறைய ஒரு மணி நேரம், அடுத்த இரவில் திறந்த வானத்தின் கீழ் நிற்பவன் மேல் பாயும். பெட்டில் ஒரு தரம் படுத்து எழுந்தால் கணக்கு பூஜ்யத்துக்குப் போகும். பூனை பக்கத்தில் இருந்தாலும் அண்டாது. பையன் நிஜத்தில் எத்தனை மணிக்குத் தூங்க வேண்டும் என்பது உங்கள் துறை.

படுக்கப் போனால் 'மான்ஸ்டர் பக்கத்தில் இருக்கு' என்கிறது. யாரும் இல்லையே?

பெட்டைச் சுற்றி 8 பிளாக், மேலும் கீழும் 5 பிளாக். தரைக்கு அடியில் தோண்டிப் பாருங்கள், குகை இருக்கும். டார்ச் வையுங்கள்.

சுரங்கத்தில் டார்ச் வரிசையாக வைத்தும் ஸ்லைம் குதிக்கிறது.

அது ஸ்லைம் சங்க் (சங்க் என்றால் உலகத்தின் ஒரு சதுரத் துண்டு). பத்தில் ஒரு சங்க் அப்படி. உயரம் 40க்குக் கீழே வெளிச்சம் இருந்தாலும் வரும். மூடிவிடாதீர்கள், ஸ்டிக்கி பிஸ்டனுக்கு ஸ்லைம் வேண்டும்.

தங்க ஆர்மர் போட்டும் நெதரில் பன்றிக் கூட்டம் அடித்தே கொன்றுவிட்டது.

எந்தப் பன்றி? இப்படிக் கேட்டால் என்ன சொல்வது? பிக்லின் என்றால் ஒரே ஒரு தங்கத் துண்டு உடம்பில் இருந்தால் போதும், சும்மா விடும். ஆனால் அதன் கண்ணெதிரில் பெட்டியைத் திறந்தாலோ தங்கத்தை வெட்டினாலோ ஆர்மர் காப்பாற்றாது. பிக்லின் கோட்டையான பாஸ்டியனில் இருக்கும் பிக்லின் ப்ரூட்டுக்குத் தங்கம் ஒரு பொருட்டே இல்லை. ஜாம்பிஃபைட் பிக்லின் என்றால் அதற்கும் தங்கத்துக்கும் சம்பந்தமே கிடையாது. தொடாதவரை சாது, ஒன்றை அடித்தால் சுற்றியுள்ள அத்தனையும் வரும். கூட்டம் என்று எழுதியிருப்பதால் நீங்கள் ஒன்றை அடித்திருக்கிறீர்கள் என்று நினைக்கிறேன்.

வார்டனைக் கொல்ல எந்த என்சாண்ட்மென்ட் (ஆயுத மந்திரம்) நல்லது?

கொல்லாமல் இருப்பதுதான் நல்லது. 500 ஹெல்த், அதாவது அயர்ன் கோலெம் போல ஐந்து மடங்கு. கொன்றால் கிடைப்பது ஸ்கல்க் கேட்டலிஸ்ட் என்ற ஒரு பிளாக். தூரத்தில் நின்று அம்பு விட்டால் சோனிக் பூம் (ஒலித் தாக்குதல்) அடிக்கும். அதற்குச் சுவரும் தடையில்லை, நான் எப்போதும் சொல்கிற ஷீல்டும் உதவாது. வார்டனுக்குக் கண் கிடையாது, அதிர்வும் வாசனையும்தான். குனிந்தே நடங்கள், கம்பளிப் பிளாக் விரித்து அதன்மேல் போங்கள், பனிப்பந்தை வேறு பக்கம் எறியுங்கள். ஷ்ரீக்கர் (ஆளை உணர்ந்தால் அலறும் பிளாக்) நான்காவது தடவை அலறினால்தான் வார்டன் வரும். மூன்று தடவை எச்சரிக்கை கொடுத்தும் நின்றுகொண்டிருந்தது நீங்கள்தான்.

ஜாம்பி கதவை உடைக்குமா?

டிஃபிகல்ட்டி ஹார்டில் இருந்தால் மட்டும், மரக்கதவை மட்டும். இரும்புக் கதவு போடுங்கள். வில்லேஜர் (வியாபாரம் செய்யும் கிராமவாசி) வைத்திருந்தால் இதையும் குறித்துக்கொள்ளுங்கள்: ஜாம்பி கொன்ற வில்லேஜர் ஈசியில் சாகும், நார்மலில் பாதிக்குப் பாதி ஜாம்பியாகும், ஹார்டில் நிச்சயம் ஜாம்பியாகும். வீக்னஸ் போஷனை எறிந்து தங்க ஆப்பிள் கொடுத்தால் மூன்று முதல் ஐந்து நிமிடத்தில் மனிதனாகத் திரும்பும், விலையும் குறைத்துத் தரும்.

பீஸ்ஃபுல்லில் ஆடுகிறேன். நண்பர்கள் கேலி செய்கிறார்கள். தப்பா?

தப்பே இல்லை, வீடு கட்டுகிறவர்களுக்கு அதுதான் சௌகரியம். ஆனால் ப்ளேஸ் (நெதரின் நெருப்பு மாப்) வராது. ப்ளேஸ் ராட் இல்லாமல் ஐ ஆஃப் எண்டர் செய்ய முடியாது, அதை வைத்துத் திறக்கும் எண்டு என்ற உலகத்துக்குப் போக நினைத்தால் அப்போது மாற்றத்தான் வேண்டும். மாற்றுவதற்கு முன் வீட்டைச் சுற்றி டார்ச் வைத்துவிடுங்கள், கையில் ஷீல்டு இருக்கட்டும். நேம் டேக் (பெயர்ச்சீட்டு) போட்டு வளர்க்கிற ஜாம்பி ஏதாவது இருந்தால் திரும்பப் பீஸ்ஃபுல்லுக்கு வராதீர்கள். வந்த நொடியே அதுவும் போய்விடும்.