மருந்துப் பெயருக்கும் பகுதி, விகுதி உண்டு

மும்பை வாசகர்களிடமிருந்து இம்முறை வந்த கேள்விகளில் பெரும்பாலானவை நோயைப் பற்றியவை அல்ல. மாத்திரை அட்டையில் அச்சிடப்பட்டிருக்கும் பெயரைப் பற்றியவை. ஆகவே அவற்றை ஒன்றாகச் சேர்த்துப் பதில் எழுதுகிறேன். பெயரை விளக்குவதே இங்கு என் வேலை. எந்த மருந்தைத் தொடங்குவது, எதை நிறுத்துவது என்பதை உங்களைப் பரிசோதித்த மருத்துவரே முடிவு செய்ய வேண்டும்.

என் இரத்த அழுத்த மாத்திரையின் அட்டையில் ஒரு பெயர் பெரிதாகவும் இன்னொன்று சிறிதாகவும் இருக்கின்றன. கடைக்காரர் சிறிய பெயரைச் சொல்கிறார், மருத்துவர் பெரிய பெயரைச் சொல்கிறார். எது உண்மையான பெயர்? (மாட்டுங்கா வாசகர்)

இரண்டும் உண்மையான பெயர்களே; ஆனால் இரண்டும் ஒரே வகையைச் சேர்ந்தவை அல்ல. பள்ளியில் படித்த இடுகுறிப்பெயர், காரணப்பெயர் என்னும் பாகுபாட்டை இங்கே நினைவுக்குக் கொண்டுவரலாம். நிறுவனம் விற்பனைக்காகச் சூட்டிய வணிகப் பெயர் இடுகுறி. அதை எவ்வளவு உற்றுப் பார்த்தாலும் உள்ளே என்ன மருந்து இருக்கிறது என்பது பெரும்பாலும் புலப்படாது. 'டெல்மிசார்ட்டான் மாத்திரைகள் ஐ.பி. 40 மி.கி.' என்று அச்சிடப்பட்டிருப்பது பொதுப்பெயர். அது பாதிக்கு மேல் காரணப்பெயர். 'ஐ.பி.' என்ற எழுத்துகள், மாத்திரை இந்திய மருந்துத் தரநூலில் வகுக்கப்பட்ட தரத்திற்கு உட்பட்டது என்பதைக் குறிக்கின்றன. அந்த நூலின் முதல் பதிப்பு 1955-இல் வெளிவந்தது.

ஒரே மருந்து நாட்டுக்கு ஒரு பெயரோடு அலைவதைத் தவிர்ப்பதற்காக, உலக நல்வாழ்வு அமைப்பு 1950-இல் பன்னாட்டுப் பொதுப்பெயர் முறையைத் தொடங்கி, 1953-இல் முதல் பட்டியலை வெளியிட்டது. அதன் சிறப்பு, ஒரே குடும்பத்து மருந்துகளுக்கு ஒரே விகுதியைக் கொடுப்பதாகும். 'சார்ட்டான்' என்று முடிந்தால் லோசார்ட்டான், டெல்மிசார்ட்டான் குடும்பம். 'டிபின்' என்று முடிந்தால் அம்லோடிபின், நிஃபெடிபின் குடும்பம். 'ஓலால்' என்றால் அட்டெனோலால், மெட்டோப்ரோலால் போன்று இதயத்துடிப்பின் வேகத்தைக் குறைப்பவை. 'கிளிப்டின்' என்றால் சர்க்கரை நோய்க்குத் தரப்படும் சிட்டாகிளிப்டின், வில்டாகிளிப்டின் முதலியவை. முன்பாதி அந்த மருந்துக்கே உரியது, பின்பாதி குடும்பத்துக்கு உரியது. விதிக்கு அடங்காத பழைய பெயர்களும் உண்டு. இரத்தம் உறைவதைத் தடுக்கும் வார்ஃபரினின் முன்பாதி, அந்த ஆய்வுக்குப் பணம் தந்த விஸ்கான்சின் முன்னாள் மாணவர் ஆய்வு நிறுவனத்தின் ஆங்கில முதலெழுத்துகளால் ஆனது.

நம் நாட்டில் 2018-இல் திருத்தப்பட்ட விதிப்படி, பொதுப்பெயர் வணிகப் பெயரைவிடக் குறைந்தது இரண்டு எழுத்தளவு பெரிதாக இருக்க வேண்டும். பல மருந்துகள் சேர்ந்த கூட்டு மாத்திரைகளுக்கு இதில் விலக்கு உண்டு. ஆகவே உங்கள் அட்டையில் பெரிதாக இருப்பது பொதுப்பெயராகவே இருக்கலாம், ஒருமுறை சரிபாருங்கள். மருத்துவர் அதைச் சொல்கிறார் என்றால், என் பார்வையில் அவர் நல்ல வழக்கமுள்ளவர்.

மகனைப் பார்க்க அமெரிக்கா செல்கிறோம். அங்கே பாரசிட்டமால் கிடைக்காது என்கிறார்களே? (செம்பூர் வாசகி)

தாராளமாகக் கிடைக்கும், ஆனால் அந்தப் பெயரில் கிடைக்காது. அங்கே அதன் பொதுப்பெயர் அசிட்டமினோஃபென். 'பாரா அசிட்டைல் அமினோ ஃபீனால்' என்ற ஒரே வேதிப்பெயரிலிருந்து நாம் சில அசைகளைப் பொறுக்கிக்கொண்டோம், அவர்கள் வேறு சில அசைகளைப் பொறுக்கிக்கொண்டார்கள். இழுப்புக்கு உள்ளிழுக்கும் சால்பியூட்டமால் அங்கே அல்பியூட்டரால். உயிர் காக்கும் ஊசியான அட்ரினலின் அங்கே எபிநெஃப்ரின். முன்னது இலத்தீனிலும் பின்னது கிரேக்கத்திலும் சிறுநீரகத்தின் அருகில் அல்லது மேல் இருப்பதையே சொல்கின்றன.

இதை வெறும் சொல்லாராய்ச்சியாக நினைத்துவிட வேண்டாம். இங்கிருந்து 650 மி.கி. பாரசிட்டமால் அட்டையைக் கைப்பையில் வைத்துக்கொண்டு போய், அங்கே சளி பிடித்ததும் மகன் வாங்கித் தரும் சளி மருந்தையும் சேர்த்துக் குடிப்பவர்கள், இரண்டிலும் இருப்பது ஒரே மருந்து என்பதை அறியாமலேயே இரட்டை அளவு உட்கொண்டுவிடக்கூடும். ஆரோக்கியமான பெரியவர்களுக்கு ஒரு நாளின் மொத்த உச்ச அளவு 4 கிராம். அதைத் தாண்டினால் கல்லீரல் பழுதாகக்கூடும், அதுவும் முதல் நாளில் பெரிய அறிகுறி எதுவும் காட்டாமல். குடிப்பழக்கமோ கல்லீரல் நோயோ உள்ளவர்களுக்கும், உடல் எடை மிகக் குறைந்தவர்களுக்கும் உச்ச அளவு இன்னும் குறைவு. பயணத்திற்கு முன்னர் உங்கள் மருந்துச் சீட்டில் வணிகப் பெயர்களுக்குப் பக்கத்தில் பொதுப்பெயர்களையும் எழுதித் தருமாறு மருத்துவரைக் கேளுங்கள். நம் வணிகப் பெயர்களை அந்நாட்டு மருந்துக் கடையில் சொன்னால் யாருக்கும் விளங்காது.

என் பேத்திக்கு நாக்கில் வெண்படலம் என்று 'நிஸ்டாட்டின்' சொட்டு மருந்து கொடுத்தார்கள். நான் கொழுப்புக்கு எடுத்துக்கொள்வதும் ஸ்டாட்டின்தான். ஆறு மாதக் குழந்தைக்குக் கொழுப்பு மருந்தா? (முலுண்ட் பாட்டி)

பெயரைக் கூர்ந்து படித்திருக்கிறீர்கள், பாட்டி. குழப்பத்திற்குக் காரணம் பெயர் வைத்தவர்களே. நிஸ்டாட்டின் பூஞ்சையைக் கொல்லும் மருந்து. 1950-இல் எலிசபெத் ஹேசன், ரேச்சல் பிரவுன் என்னும் இரு பெண் அறிவியலாளர்கள் நியூயார்க் மாநில நல்வாழ்வுத் துறையில் பணியாற்றியபோது கண்டறிந்தது. 'நியூயார்க் ஸ்டேட்' என்பதே குறுகி 'நிஸ்டாட்' ஆயிற்று. கொழுப்பைக் குறைக்கும் மருந்துகள் அதற்கு வெகுகாலம் பின்னர் வந்தவை. அவற்றுள் முதலாவதாகிய லோவாஸ்டாட்டின் 1987-இல்தான் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. கொழுப்பு மருந்துகளின் விகுதி வெறும் 'ஸ்டாட்டின்' அன்று, 'வாஸ்டாட்டின்' என்று வகுக்கப்பட்டது: அட்டோர்வாஸ்டாட்டின், ரோசுவாஸ்டாட்டின். உங்கள் அட்டையில் அந்த 'வா' இருக்கிறதா என்று பாருங்கள்; பேத்தியின் புட்டியில் இராது. அந்தச் சொட்டு மருந்து குடலிலிருந்து இரத்தத்தில் கலப்பதும் மிக மிகக் குறைவு. இடையே ஒரு வேடிக்கை: பூஞ்சையைக் கொல்லும் மருந்தின் பெயரோடு குழம்புகிற லோவாஸ்டாட்டின், ஒரு பூஞ்சையிலிருந்து எடுக்கப்பட்டது.

இத்தகைய பொறி இன்னொன்றும் உண்டு. 'ப்ரசோல்' என்று முடியும் ஓமெப்ரசோல், பான்டோப்ரசோல், ரபெப்ரசோல் ஆகியவை வயிற்று அமிலத்தைக் குறைப்பவை; அரிபிப்ரசோலோ மனநோய்க்குத் தரப்படுவது. அதன் விகுதி 'பிப்ரசோல்'. ஓர் அசை வேறுபட்டாலும் குடும்பம் வேறு என்பதால், விகுதியை முழுவதும் படித்த பிறகே உறவு கொண்டாட வேண்டும்.

அப்பாவுக்கு இரத்த அழுத்தத்துக்காக ராமிப்ரில் கொடுத்துவந்த மருத்துவர், வறட்டு இருமல் என்றதும் டெல்மிசார்ட்டானுக்கு மாற்றிவிட்டார். இருமலுக்கு மருந்தே தரவில்லை. சரியா? (டோம்பிவிலி வாசகர்)

சரியே. 'ப்ரில்' என்று முடியும் மருந்துகள் தடுக்கும் நொதி, பிராடிகைனின் என்னும் பொருளைச் சிதைப்பதும் ஆகும். நொதி முடங்கினால் அப்பொருள் தேங்கி, சிலருக்குச் சளியில்லாத இருமலைத் தருகிறது. மருந்தை நிறுத்தினால் சில வாரங்களில் அடங்கும். சார்ட்டான்கள் வேறு இடத்தில் வேலை செய்வதால் அந்த இருமல் அவற்றில் மிகவும் அரிது. முதல் ப்ரிலாகிய காப்டோப்ரில், பிரேசில் நாட்டு விரியன் ஒன்றின் நஞ்சை ஆராய்ந்ததிலிருந்து பிறந்தது. மிஞ்சிய ராமிப்ரில் அட்டையை மட்டும் அலமாரியிலிருந்து எடுத்துவிடுங்கள்; இரண்டையும் சேர்த்து விழுங்கினால் இரத்தத்தில் பொட்டாசியம் ஏறவும் சிறுநீரகம் பாதிக்கப்படவும் கூடும்.

என் சர்க்கரை நோய் மாத்திரையில் 'மெட்ஃபார்மின் ஹைட்ரோகுளோரைடு' என்றால் அதில் அமிலம் இருக்கிறதா? ஏற்கெனவே எனக்கு நெஞ்செரிச்சல். (சயான் வாசகி)

பல மருந்து மூலக்கூறுகள் தனித்த நிலையில் நீரில் சரியாகக் கரைவதில்லை, அல்லது நாள்பட நிலைத்து நிற்பதில்லை. எனவே அவற்றை ஓர் அமிலத்தோடோ காரத்தோடோ இணைத்து உப்பாக்குகிறார்கள். பெயரின் இரண்டாம் சொல் அந்த இணையைக் காட்டுவது. ஹைட்ரோகுளோரிக் அமிலத்தோடு காரச் சோடா சேர்ந்து சமையல் உப்பு ஆனபின் அதில் அமிலத்தைத் தேட முடியாதது போலவே, இதிலும் தேட முடியாது. மெட்ஃபார்மினால் வயிற்றுத் தொந்தரவு வருவதுண்டு. அதற்குக் காரணம் மெட்ஃபார்மினே, பின்னொட்டு அன்று.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்கிறேன். அட்டையில் '500 மி.கி.' என்பது சில மருந்துகளில் உப்பின் எடை, சிலவற்றில் மருந்தின் எடை. உங்கள் மெட்ஃபார்மினில் அது உப்பின் எடை. அம்லோடிபின் பெசிலேட்டில், '5 மி.கி. அம்லோடிபினுக்குச் சமம்' என்று எழுதியிருப்பார்கள். உப்பாக எடை போட்டால் அது ஏறத்தாழ 6.9 மி.கி. இது மருந்து தயாரிப்பவர் கவலை, நம் கவலை அன்று.

நம் கவலைக்குரியது பெயருக்குப் பின்னால் வரும் 'எஸ்.ஆர்.', 'எக்ஸ்.ஆர்.', 'ஈ.ஆர்.' ஆகிய எழுத்துகள். மருந்து பல மணி நேரம் சிறிது சிறிதாக வெளிப்படும்படி செய்த மாத்திரை என்பது அவற்றின் பொருள். விழுங்க முடியவில்லை என்று இதைப் பொடித்துத் தேனில் குழைத்துக் கொடுத்தால், நாள் முழுவதற்குமான மருந்து ஒரே நேரத்தில் இறங்கிவிடும். சில நேரங்களில் இதன் வெற்றுக் கூடு மலத்தில் அப்படியே தென்படும்; மருந்து உடலில் சேரவில்லை என்று பதற வேண்டாம்.

உப்பு என்றதும் நினைவுக்கு வருகிறது. நம் மும்பைக் கடைகளில் வேறு நிறுவன மாத்திரையை நீட்டி, 'ஸால்ட் ஏக் ஹி ஹை' (உப்பு ஒன்றுதான்) என்பார்கள். அவர்கள் சொல்லும் 'ஸால்ட்' வேதியியல் உப்பு அன்று. உள்ளிருக்கும் மருந்து ஒன்றே என்பதுதான் பொருள். அது பெரும்பாலும் உண்மையாகவே இருக்கும். ஆனால் மருந்தோடு மி.கி. அளவும் 'எஸ்.ஆர்.' போன்ற எழுத்தும் ஒத்திருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும். மருத்துவர் சீட்டின்றி விற்கக்கூடாத அட்டவணை எச் மருந்துகளைக் கடைக்காரர் தாமாக மாற்றித் தர விதி இடம் தரவில்லை. மருத்துவரிடம் ஒரு சொல் கேட்டுவிடுங்கள்.

ஆன்டிபயாடிக் மாத்திரையில் '625' என்றால் என்ன? கடையில் 375தான் இருந்தது; இரண்டாகப் போடலாமா? (தாராவி வாசகர்)

500 மி.கி. அமாக்ஸிசிலினும் 125 மி.கி. கிளாவுலானிக் அமிலமும் சேர்ந்தால் 625. முன்னது கிருமியைக் கொல்வது; பின்னது, கிருமி அதை முறியடிக்காமல் காவல் நிற்பது. 375-இல் இருப்பது 250-உம் 125-உம். இரண்டு போட்டால் அமாக்ஸிசிலின் சரியாக 500 ஆகும், கிளாவுலானிக் அமிலமோ இரட்டிப்பாகி 250 ஆகிவிடும். வயிற்றுப்போக்கு வருவது பெரும்பாலும் அதனால்தான். போட வேண்டாம். வேறு கடையில் கேளுங்கள்.

ஒவ்வாமைக்குச் செட்டிரிசினுக்குப் பதில் லெவோசெட்டிரிசின் எழுதியிருக்கிறார்கள். புது மருந்தா? (அந்தேரி வாசகர்)

வலக்கையும் இடக்கையும் போல ஒன்றுக்கொன்று கண்ணாடி உருவமான இரு மூலக்கூறுகள் சரிபாதியாகக் கலந்தது செட்டிரிசின். அவற்றுள் வேலை செய்யும் ஒன்றைப் பிரித்தெடுத்தது லெவோசெட்டிரிசின். அதனால்தான் 10 மி.கி.க்குப் பதில் 5 மி.கி.

அம்மாவுக்குத் தமிழ் மட்டுமே படிக்கத் தெரியும். உதவிக்கு வரும் பெண்ணுக்கு மராத்தி, இந்தி. மருந்துப் பட்டியலை எப்படி எழுதி வைப்பது? (வடாலா வாசகி)

மருந்துப் பெயரைத் தமிழில் எழுதும்போது நம் எழுத்தின் இயல்பால் ஓர் இடர்ப்பாடு நேர்கிறது. 'கிளிபென்கிளமைடு' என்னும் சர்க்கரை நோய் மருந்தின் பெயரை எழுதினால், முதல் 'கி' 'கங்கை'யில் வரும் இரண்டாம் ககரம்போல் மெலிந்தும், அடுத்த 'கி' 'கல்' என்பதில் வருவதுபோல் வலிந்தும் ஒலிக்க வேண்டும் என்பது எழுத்தைப் பார்த்துத் தெரியாது. அம்மா அதைப் படித்துக் கடைக்குத் தொலைபேசியில் சொல்ல, மறுமுனையில் இருப்பவர் தமக்குப் பழக்கமான வேறு பெயராகக் கேட்டுக்கொள்ள, மாத்திரை மாறிவிடலாம். ஒலி ஒத்த பெயர்களால் வரும் இத்தொல்லை நமக்கு மட்டும் உரியது அன்று. லோசெக் என்னும் வயிற்று மருந்து, லேசிக்ஸ் என்னும் சிறுநீர் பிரிக்கும் மருந்தோடு குழம்பியதால் 1990-இல் அமெரிக்காவில் ப்ரைலோசெக் என்று பெயரை மாற்றிக்கொண்டது.

ஆகவே தமிழில் பெயரை எழுதுவதைவிட, எதற்கு, எப்போது என்பதைப் பெரிய எழுத்தில் எழுதுங்கள்: 'பிரஷர், காலை, சாப்பிட்ட பின் ஒன்று'. அதன் பக்கத்தில் பொதுப்பெயரும் மி.கி. அளவும் தெரியும்படி பழைய அட்டையின் ஒரு துண்டை வெட்டி ஒட்டிவிடுங்கள். கடைக்காரருக்கு அந்தத் துண்டே போதும். உதவிப் பெண்ணுக்காக வேளைக் குறிப்பை மட்டும் அதே தாளில் மராத்தியிலும் எழுதலாம். பயன்படுத்தும் அட்டையை வெட்டும்போது காலாவதித் தேதி அச்சிட்ட ஓரத்தை விட்டுவையுங்கள். மாத்திரைகளையும் அந்த ஓரத்தின் எதிர்ப்புறத்திலிருந்தே பிரித்து எடுக்கப் பழக்குங்கள்.