கண்காணிப்பாளர்களின் தவணையை நீடிப்பது யார் கையில்? கேள்வி பதில்

ஜோர்ஜியாவில் இருந்து பிரிந்து நிற்கும் அப்காசியாவில் ஐ.நா. கண்காணிப்புப் பணி 2009இல் முடிந்துபோனதைப் பற்றி மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்து ஆட்கள் கேட்டவையும் என் பதில்களும்.

களுவாஞ்சிக்குடி: ஆறு மாதத்துக்கு ஒருக்கா ஏன் சேர் நீடிக்கிறாங்க? ஒரேயடியா அஞ்சு வருசம் குடுத்தா என்ன?

குடுத்தால் பிடி போய்விடும். தவணை முடியும் முன் ஐ.நா. செயலாளர் நாயகம் அறிக்கை தரவேண்டும், பாதுகாப்புச் சபை அதைப் பார்த்துத்தான் கை உயர்த்தும். 1993 ஓகஸ்டில் 858ஆம் தீர்மானத்தோடு தொடங்கிய பணி இது. மறுவருடம் ஜோர்ஜியாவும் அப்காசியாவும் செய்த மொஸ்கோ போர்நிறுத்த ஒப்பந்தத்துக்குப் பிறகு 136 கண்காணிப்பாளர்கள் வரை வைக்க அனுமதி கிடைத்தது. 2008 ஓகஸ்டில் ரஷ்யாவுக்கும் ஜோர்ஜியாவுக்கும் நடந்த போருக்குப் பிறகு தவணை நான்கு மாதமாகியது. தவணை சுருங்கினாலே மூட்டை கட்டும் காலம் கிட்டுகிறது என்றுதான் நான் எடுத்துக்கொள்வேன்.

அக்கரைப்பற்று: கையில துவக்கு இல்லாத ஆக்கள் இருந்து என்ன புண்ணியம்?

2008 ஏப்ரல் 20ஆம் திகதி ஜோர்ஜியாவின் ஆளில்லா விமானம் ஒன்று அப்காசியா மேலே சுட்டு வீழ்த்தப்பட்டது. தாங்கள் சுடவில்லை என்றது ரஷ்யா. இந்தக் குழு காணொளியையும் ராடர் பதிவையும் ஆராய்ந்து, சுட்டது ரஷ்ய விமானம்தான் என்று எழுதியது. அதே அறிக்கையில், அந்த விமானத்தை அங்கே பறக்கவிட்டதும் ஒப்பந்த மீறல் என்று ஜோர்ஜியாவுக்கும் ஒரு குட்டு. இரு பக்கமும் கோபிக்கும்படி எழுத மூன்றாம் ஆள் ஒருவர் வேண்டும் அல்லவா? இதற்கு உயிரும் கொடுத்திருக்கிறார்கள். 2001 ஒக்டோபரில் கொடோரிப் பள்ளத்தாக்கில் அவர்களின் ஹெலிகொப்டர் சுடப்பட்டு ஒன்பது பேர் இறந்தார்கள்.

வாழைச்சேனை: அப்ப ஏன் முடிச்சாங்க?

பெயரில் சிக்கியது. போருக்குப் பின் அப்காசியாவைத் தனிநாடு என்று ரஷ்யா ஏற்றுவிட்டது. ஆகவே ஜோர்ஜியாவின் ஆட்புல ஒருமைப்பாட்டை, அதாவது அப்காசியாவும் ஜோர்ஜியாதான் என்று, சொல்லும் எந்தத் தீர்மானத்துக்கும் அது கை உயர்த்தாது. 2009 பெப்ரவரியில் ‘ஐ.நா. பணி’ என்று மட்டும் எழுதி ஒருவாறு சமாளித்தார்கள். ஜூன் 15ஆம் திகதி வந்த வரைவு கேட்டது வெறும் இரண்டு வாரம். அதில், அந்த ஒருமைப்பாட்டைச் சொல்லும் பழைய 1808ஆம் தீர்மானம் குறிப்பிடப்பட்டிருந்தது. ஆதரவு 10, நடுநிலை 4, எதிர்ப்பு 1. அந்த ஒன்று ரஷ்யாவின் வீட்டோ. பதினைந்து வருடத்துக்கு மேலான வேலை அன்றோடு சரி.

கல்முனை: நம்மட ஊரில இருந்த கண்காணிப்புக் குழுவுக்கு இப்பிடி ஓட்டெடுப்பு நடந்த மாதிரி ஞாபகமில்லையே?

நடக்க வாய்ப்பில்லை. அது ஐ.நா. குழு அல்ல. அரசும் புலிகளும் செய்த 2002 பெப்ரவரி 22 போர்நிறுத்த ஒப்பந்தத்தின் கீழ் நோர்வே, சுவீடன், டென்மார்க், பின்லாந்து, ஐஸ்லாந்து ஆட்கள் வந்தார்கள். மட்டக்களப்பிலும் அம்பாறையிலும் அவர்களுக்கு அலுவலகம் இருந்தது. முடிவுத் திகதியே இல்லை, ஆனால் எந்தத் தரப்பும் 14 நாள் அறிவித்தல் கொடுத்து ஒப்பந்தத்தில் இருந்து விலகலாம். 2006இல் ஐரோப்பிய ஒன்றியம் புலிகளைத் தடை செய்ய, ஒன்றிய நாட்டவர் வேண்டாம் என்றார்கள் புலிகள். நோர்வேயும் ஐஸ்லாந்தும் மிஞ்சின. 2008 ஜனவரி 2ஆம் திகதி இலங்கை அமைச்சரவை விலக முடிவெடுத்தது, 16ஆம் திகதியோடு எல்லாம் முடிந்தது. அங்கே வீட்டோ என்றால் இங்கே ஒரு கடிதம்.

காத்தான்குடி: நீடிச்சு நல்லா முடிஞ்ச கதை ஒண்டும் இல்லையா?

இந்தோனேசியாவின் அச்சே. நம்மைப் போலவே சுனாமி அடித்த மண். 2005 செப்டம்பரில் ஐரோப்பிய ஒன்றியமும் ஐந்து ஆசியான் நாடுகளும் ஆறு மாதத்துக்கு என்று வந்து, மூன்று முறை நீடித்து, 2006 டிசம்பர் தேர்தல் முடிந்ததும் போய்விட்டார்கள். கிளர்ச்சியாளர் 840 ஆயுதங்களை ஒப்படைக்க வேண்டும், வெளியிலிருந்து வந்த படை குறைய வேண்டும் என்று எண்ணிப் பார்க்கக்கூடிய வேலை இருந்தது. அப்காசியாவில் இருந்ததோ காத்திருப்பு. இரண்டு லட்சத்துக்கு மேற்பட்ட ஜோர்ஜியர் இடம்பெயர்ந்து கிடக்க, பேச்சைத் தள்ளிப்போட நீடிப்பே வசதியானது என்பது என் எண்ணம்.

ஏறாவூர்: இப்ப அங்க ஆருமே இல்லையா?

2008 ஒக்டோபரில் இருந்து ஐரோப்பிய ஒன்றியக் குழு ஒன்று இருக்கிறது. ஆனால் ஜோர்ஜியப் பக்கத்தில் மட்டும். அப்காசியாவுக்குள் விடுவதில்லை.